கியூசி அக்கா தனக்கே வைத்துக்கொண்ட சர்ப்ரைஸ்

கியூசி அக்காவின் கண்ணில் பட்டு, குறை இல்லாமல் தப்பித்த பொருள் இந்தப் பினாங்குத் தீவில் எதுவும் கிடையாது. கடலையும் சேர்த்துத்தான் சொல்கிறேன். ஒரு வருஷம் குடும்ப தினத்துக்காகத் தொழிற்சாலையில் எங்களை ஃபெரியில் ஏற்றினார்கள். மற்றவர்கள் படம் எடுத்துக்கொண்டிருந்தபோது அக்கா கம்பியைப் பிடித்தபடி தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் பக்கத்தில் போய், "என்னம்மா, காத்து நல்லா இருக்கா?" என்று கேட்டேன்.

"கலர் ஒரே மாதிரி இல்லண்ணே" என்றார். "அந்தப் பக்கம் பச்ச, இந்தப் பக்கம் மண்ணு. இத யாரு பாஸ் பண்ணி விட்டாங்க?"

அவருக்குப் பெற்றோர் வைத்த பெயர் ஒன்று உண்டு. சம்பளச் சீட்டைத் தவிர வேறு எங்கும் அதை நான் கண்டதில்லை. பாயான் பாருவில், சிறுசிறு சர்க்யூட் பலகைகள் செய்யும் தொழிற்சாலையில், லைனின் கடைசியில் விளக்கும் பூதக்கண்ணாடியும் வைத்துக்கொண்டு தரம் பார்ப்பது அவர் வேலை. தரம் பார்ப்பவருக்கு எங்கள் இடத்தில் கியூசி என்று பெயர். மேனேஜர் முதல் வாசல் காவலர் வரை எல்லாருக்கும் அவர் கியூசி அக்காதான். என்னைவிடப் பதினெட்டு வயது இளையவர். ஆனாலும் இங்கே அக்கா என்றே எழுதுகிறேன். வேறு எப்படி எழுதினாலும் படித்துவிட்டு அம்பு ஒட்டுவார்.

அம்பு என்றால் சுண்டுவிரல் நகம் அளவுள்ள சிவப்பு ஸ்டிக்கர். பலகையில் எங்கே கோளாறோ அந்த இடத்தைச் சுட்டும்படி ஒட்டிவிட்டு, செய்தவரிடமே திருப்பி அனுப்புவார்கள். அந்த ஸ்டிக்கர் சுருளை அக்கா இடது மணிக்கட்டில் வளையல் மாதிரிப் போட்டிருப்பார். வேலை நேரம், சாப்பாட்டு நேரம் என்ற பேதம் அந்த வளையலுக்குக் கிடையாது. உருளைக்கிழங்கு ஒரு பக்கமாக ஒதுங்கிவிட்டது என்று கேண்டீன் கறிபஃப்பில் ஒட்டியிருக்கிறார். முடிச்சு கோணல் என்று மேனேஜரின் டையில் ஒட்டியிருக்கிறார். அந்த மனிதர் அதைக் கவனிக்காமல் வெளிநாட்டு விருந்தினர்களோடு ஒரு முழுக்கூட்டத்தையும் நடத்தி முடித்தார்.

நான் அங்கே ஸ்டோர் கிராணி, அதாவது சாமான் கணக்குப் பார்க்கும் குமாஸ்தா. எண்ணிக்கையில் ஒரு திருகாணி குறைந்தாலும் எனக்குத் தூக்கம் வராது என்பதால், ஓய்வுபெற்ற பிறகும் ஒப்பந்தத்தில் கூப்பிட்டு வைத்துக்கொண்டார்கள். என் தேநீர்க் கோப்பையின் விளிம்பில் அரிசிக் குருணை அளவுக்கு ஓர் உடைசல். பல வருஷமாக அதில் குடித்தும் நான் அதைக் கண்டதில்லை. அக்கா ஒரு நாள் ஸ்டோர் ஜன்னலில் கையை ஊன்றி, வேறு எதையோ பேசிக்கொண்டே, அதில் ஓர் அம்பை ஒட்டினார்.

"ஒதடு கிழிஞ்சிரும்ணே. வேற கப்பு மாத்துங்க."

மாற்றவில்லை. எதை மாற்றுவதென்றாலும் எனக்குப் பயம்.

இப்படிப்பட்டவருக்கு நாற்பத்தொன்பது வயதுவரை கல்யாணம் ஆகாததில் ஆச்சரியம் என்ன இருக்கிறது. பெண் பார்க்க வந்தவர்கள் ஏழு பேர். எண்ணிக்கை என்னுடையது, காரணங்கள் அவருடையவை. ஒருவர் சட்டைப் பொத்தானை ஒரு துளை தள்ளிப் போட்டிருந்தார். இன்னொருவர் சிரிக்கும்போது ஒரு கண் தாமதமாக மூடியது. மூன்றாமவரிடம் குறையே இல்லை. அதனாலேயே அவரும் தேறவில்லை. "ஒண்ணுமே இல்லன்னா எங்கயோ ஒளிச்சி வச்சிருக்காருன்னு அர்த்தம்" என்றார் அக்கா.

எட்டாவது ஆள் பஸ்காரர்.

டத்தோ கிராமாட்டிலிருந்து எங்கள் ஆள்களை ஏற்றிவரும் தொழிற்சாலை பஸ்ஸின் ஓட்டுநர். ஐம்பது தாண்டியவர், மனைவியை இழந்தவர், பேசினால் டீசல் செலவாகும் என்பது போல் இருப்பவர். அக்கா முன் இருக்கையில் உட்கார்ந்து நாள்தோறும் ஒரு குறை சொல்வார். பிரேக் இழுக்கிறது. திரையில் ஒரு கொக்கி இல்லை. மூன்றாவது ஜன்னல் கிலுகிலுக்கிறது. பஸ்காரர் பதில் சொல்லமாட்டார். மறுவாரம் பார்த்தால் அது சரியாகியிருக்கும். இப்படியே ஒவ்வொன்றாகச் சரியாகிப்போய், ஒரு காலையில் சொல்வதற்கு அக்காவிடம் எதுவுமே இல்லை. பாயான் பாரு வரைக்கும் வாயைத் திறக்காமல் வந்தாராம். பஸ்காரர் சாலையைவிட அதிகமாகக் கண்ணாடியில் இவரைத்தான் பார்த்துக்கொண்டு வந்தாராம். அந்த நேரத்தில் எதிரே லாரி வந்திருந்தால் என்ன ஆவது.

மறுநாள் முன் இருக்கையின் கைப்பிடி ஆடியது. அதுபற்றி அக்கா என் ஜன்னலில் நின்று தந்த அறிக்கை இது:

"ஸ்க்ரூ தானா லூஸ் ஆகலண்ணே. தானா ஆயிருந்தா உள்ள தூசி இருக்கும். இது புதுக் கீறல். ஸ்க்ரூ டிரைவர் போட்டுத் திருப்பியிருக்கு."

"யாரும்மா திருப்பியிருப்பா?"

"அதத்தான் அவருகிட்ட கேட்டேன். 'நேத்து நீங்க ஒண்ணுமே பேசலையே'ன்னாரு."

சொல்லிவிட்டு அக்கா என் ஜன்னல் கம்பியில் இல்லாத துருவை நகத்தால் சுரண்டிக்கொண்டிருந்தார். அவ்வளவுதான். சில மாதத்தில், கோயிலில் வைத்துச் சுருக்கமாகக் கல்யாணம் என்று முடிவாகிவிட்டது.

எங்கள் தொழிற்சாலையில் எந்தப் பெண்ணுக்குக் கல்யாணம் நிச்சயமானாலும், அவளுடைய லைனில் இருப்பவர்கள் ரகசியமாகக் கூடி, பயிற்சி அறையில் பிரைடல் ஷவர் வைப்பது வழக்கம். பலூன், கேக், தோளில் குறுக்கே 'மணப்பெண்' என்று எழுதிய ரிப்பன். நம்மவர் என்றால் கூடவே கொஞ்சம் சந்தனம், வளையல். பெண் கதவைத் திறந்ததும் எல்லாரும் கத்துவார்கள். அவள் வாயைப் பொத்திக்கொண்டு அழவேண்டும். ஷாலினி என்ற சின்னப் பெண்ணுக்கு வைத்தபோது அக்காவும் போயிருந்தார். பலூன்களை ஒவ்வொன்றாக அமுக்கி அளவு பார்த்தார். கேக் சாய்ந்திருக்கிறது என்று அடியில் அட்டையை மடித்து முட்டுக் கொடுத்தார். ரிப்பனில் எழுத்து கோணல் என்று அம்பு ஒட்டினார். ஷாலினி அழுதாள். சர்ப்ரைஸுக்காக அழுதாளா, அம்புக்காகவா என்று இன்றுவரை தெரியாது.

அதனால் அக்காவின் முறை வந்தபோது லைன் முழுக்க ஒரே அமைதி. கல்யாணத்துக்கு மூன்று வாரம் இருக்கும்போது அக்கா ஸ்டோர் ஜன்னலுக்கு வந்தார்.

"அண்ணே, எனக்கு யாராச்சும் சர்ப்ரைஸ் பிளான் பண்றாங்களா? ஒங்க காதுல ஏதும் விழுந்துச்சா?"

"இல்லம்மா."

"நெசமா இல்லையா, இல்ல சர்ப்ரைஸுக்காக இல்லங்கிறீங்களா?"

"நெசமாவே இல்லம்மா."

"அப்ப நானேதான் பண்ணிக்கணும்லா."

நான் சிரித்துவிட்டேன். அவர் சிரிக்கவில்லை.

"அம்மா இல்லண்ணே. கோலாலம்பூர்லேர்ந்து அண்ணி போன் பண்ணி, இந்த வயசுல நலங்கெல்லாம் எதுக்கு, கோயில்ல தாலி கட்டினா பத்தாதான்னு கேட்டாங்க. நானும் சரின்னுட்டேன். ஆனா ஒரு ஆலத்தியாச்சும் எடுக்கணும்ல? ஒருத்தருமே சுத்தி விடாம ஒரு பொண்ணு எப்படிண்ணே கெளம்பிப் போறது?" அம்புச் சுருளை மணிக்கட்டில் திருகிக்கொண்டே கேட்டார். "கூட்டம்லாம் வேணாம். நாலு பொம்பளைங்க போதும். வருவாங்களா?"

ஏற்கெனவே எண்ணி வைத்த பல்புகளை மறுபடி எண்ண ஆரம்பித்தேன்.

மறுநாள் காலைக் கூட்டத்தில் நேற்றைய உற்பத்தி, திரும்பி வந்த பலகைகள், கழிவறைச் சுத்தம் எல்லாவற்றையும் பேசி முடித்த பிறகு அக்கா கையைத் தூக்கினார்.

"அடுத்த வெள்ளிக்கெழம, காலைல ஏழு மணி, டிரெய்னிங் ரூமு. எனக்கு சர்ப்ரைஸ் பிரைடல் ஷவர். பொறுப்பு நான். கட்டாயம் இல்ல."

'கட்டாயம் இல்லை' என்ற சொல் அக்காவின் வாயிலிருந்து வந்து நாங்கள் கேட்டது அதுவே முதல் தடவை. எல்லாரும் இன்னும் மிரண்டுபோனார்கள்.

ஏழு மணிக்குக் காரணம் இருந்தது. இரவு ஷிஃப்ட் வெளியே போவதும் பகல் ஷிஃப்ட் உள்ளே வருவதும் அப்போதுதான். இரண்டு பக்கத்து ஆள்களும் சேர்ந்தாற்போல் கிடைக்கும் ஒரே நேரம். வெறும் வயிற்றில் கேக் சாப்பிட்டால் என்ன ஆகும் என்று நான் கேட்டேன். யாரும் மதிக்கவில்லை.

உதவிக்கு முன்வந்தவர்கள் இரண்டே பேர். ஒருத்தி ஷாலினி. இன்னொருவர் ரோஸ்னா. லைனிலேயே மூத்தவர், பேரப்பிள்ளை எடுத்த மலாய்க்காரப் பெண்மணி, தமிழ்ப் பெண்களுக்கு நடுவிலேயே உட்கார்ந்து உட்கார்ந்து பாதித் தமிழ் பேசுவார். ரோஸ்னா எதற்கும் பயப்படமாட்டார். அக்கா ஒட்டுகிற அம்புகளை உரித்துத் தன் சாப்பாட்டு டப்பா மூடியில் வரிசையாக ஒட்டி வைத்திருப்பவர்.

இரண்டு நாள் முன்னதாக ஒத்திகை நடந்தது. சர்ப்ரைஸுக்கு ஒத்திகை நடத்திய ஒரே மணப்பெண்ணை நான் பார்த்திருக்கிறேன் என்று இனி யாரிடமும் சொல்லிக்கொள்ளலாம். அக்கா கதவைத் திறந்துகொண்டு உள்ளே வருவார். ரோஸ்னாவும் ஷாலினியும் கத்த வேண்டும். மார்க் போட நான்.

முதல் தடவை முடிந்ததும் அக்கா சொன்னார்: "ரோஸ்னா, நீ முன்னாடியே கத்திட்ட. ஷாலினி, நீ கத்தவே இல்ல."

"பலூன் ஊதிட்டு இருந்தேன்கா. மூச்சு இல்ல."

"பலூன் ஊதுறது தனி வேல. கத்துறது தனி வேல. ரெண்டையும் ஒண்ணா வைக்காத. இன்னொரு தடவ."

மூன்றாவது தடவைக்குப் பிறகு என் பக்கம் திரும்பினார். "அண்ணே, நான் ஷாக் ஆனது எப்படி இருந்துச்சு?"

"பல்லு வலி மாதிரி இருந்துச்சும்மா."

"நெஞ்சுல கைய வச்சா?"

"அப்ப நெஞ்சு வலி மாதிரி இருக்கும்."

ரோஸ்னா தரையில் உட்கார்ந்து சிரித்தார். "கியூசி, நீ சும்மா வா. ஷாக் வேணாம். நீ வந்தா நாங்க ஷாக் ஆவுறோம், போலே?" மலாயில் 'போலே' என்றால் 'ஆகும்'; கேள்வியாகச் சொன்னால் 'ஆகுமா'.

ஆலத்திதான் முக்கியம் என்று அக்கா அதற்கு ஒரு எஸ்ஓபி எழுதினார். எந்த வேலைக்கும் படிப்படியாகக் குறிப்பு எழுதி, படம் போட்டு, பிளாஸ்டிக் உறையிட்டு ஒட்டி வைப்பது எங்கள் தொழிற்சாலைப் பழக்கம். தட்டில் மஞ்சள் தண்ணீர், சுண்ணாம்பு கலந்தால் வரவேண்டிய சிவப்பின் சரியான நிறம், நடுவில் வெற்றிலை, அதன்மேல் சூடம், மூன்று சுற்று, வலமாக. மணப்பெண் கண்ணை மூடியிருக்க வேண்டும், பேசக் கூடாது. கடைசியில், எல்லா எஸ்ஓபியிலும் அவர் எழுதும் அதே வரி: எந்தப் படியில் தவறினாலும் முதல் படியிலிருந்து மறுபடி தொடங்கவும், கியூசி கையெழுத்து இல்லாமல் எதையும் மாற்றக் கூடாது.

வெள்ளிக்கிழமை வந்தது. ஸ்டோரிலிருந்து நாற்பது நாற்காலிகளை நானே எண்ணிக் கொடுத்தேன். திரும்பி வரும்போது முப்பத்தொன்பது வந்தால் யார் பொறுப்பு என்ற கவலையில் நானும் அங்கேயே உட்கார்ந்துவிட்டேன்.

ஏழு மணிக்கு அறையில் இருந்தவர்கள் பதினொரு பேர். அதில் ஒருவன் நான். இன்னொருவர் பராமரிப்புப் பிரிவு ஆள். ஏர்கானைச் சரிசெய்ய வந்தவர், சரிசெய்துவிட்டு, கேக்கைப் பார்த்ததும் உட்கார்ந்துவிட்டார். வாசல் கண்ணாடிக்கு வெளியே சில தலைகள் தெரிந்தன. எட்டிப் பார்த்தன. போய்விட்டன.

கதவு திறந்தது. அரக்குப் பட்டுச்சேலை, தோளில் ரிப்பன், மல்லிகை, வெறுங்கால். நலங்குக்குச் செருப்பு கூடாது என்று வாசலிலேயே கழற்றி விட்டிருந்தார். தலையில் பூவுக்கு மேல், உள்ளே வருகிற எவரும் போடவேண்டிய பிளாஸ்டிக் தொப்பி. எல்லாரும் சரியாகக் கத்தினோம். ஒரே நேரத்தில், ஒரே குரலில். அக்காவின் பார்வை எங்களைத் தாண்டி, பின்னால் காலியாக இருந்த நாற்காலி வரிசைகளின் மேல் போய் நின்றது. ஒத்திகையில் ஒரு தடவைகூட வராத அதிர்ச்சி அப்போது அந்த முகத்தில் வந்தது.

ஒரு நொடிதான். பிறகு, "டைமிங் ஓகேலா" என்று சொல்லிவிட்டு நடுவில் போட்டிருந்த நாற்காலியில் போய் உட்கார்ந்து கண்ணை மூடிக்கொண்டார்.

ரோஸ்னாவும் ஷாலினியும் தட்டைப் பிடித்தார்கள். சூடம் ஏற்றி ஒரு சுற்று முடிவதற்குள், புதிதாகச் சரிசெய்த ஏர்கான் ஒரு மூச்சு விட்டது. சுடர் அணைந்து கரும்புகை கிளம்பியது. ஷாலினி சுவரில் ஒட்டியிருந்த எஸ்ஓபியைப் பார்த்தாள். முதல் படியிலிருந்து மறுபடி. புதுத் தண்ணீர், புது வெற்றிலை, புதுச் சூடம். இரண்டாவது சுற்றில் அணைந்தது. மறுபடி. புகை மேலே போய்க் கூரையடியில் திரண்டது. ஐந்தாவது தடவை அணைந்தபோது என்னால் பொறுக்க முடியவில்லை.

"ஏம்மா ரோஸ்னா, அந்த ஏர்கான நிறுத்தினா என்ன?"

"அங்கள், அது எஸ்ஓபில இல்ல."

"இல்லன்னா என்ன, கைக்கு எட்டுற தூரத்துல இருக்கு சுவிச்சு."

"மாத்தணும்னா கியூசி சைன் வேணும்" என்றாள் ஷாலினி. "அக்கா கண்ண மூடியிருக்காங்க."

அக்காவைப் பார்த்தேன். கண் மூடியிருந்தது. உதடு துடித்தது. பேசக் கூடாது என்று எழுதியவர் அவரேதான். பதினைந்து வருஷமாக, உன் மூளையைப் பயன்படுத்தாதே, எஸ்ஓபியைப் பயன்படுத்து என்று இந்தப் பெண்களுக்குச் சொல்லிக்கொடுத்தவரும் அவரேதான். ஏழாவது சூடம் அணைந்தபோது கூரையில் இருந்த புகை உணரி விழித்துக்கொண்டது.

அலாரம் அடித்தால் எங்கள் இடத்தில் விளையாட்டு கிடையாது. கட்டடம் முழுக்கக் காலியாக வேண்டும். எல்லாரும் கார் நிறுத்துமிடத்தில் வரிசையாக நிற்க வேண்டும், தலை எண்ணிச் சரியாகும்வரை ஒருவரும் உள்ளேயும் போகக் கூடாது, வாசலைத் தாண்டி வெளியேயும் போகக் கூடாது. எண்ணுவதற்கென்று பச்சைச் சட்டை போட்ட ஓர் ஆள். அது நான்தான். வேறு யாரும் அந்தச் சட்டையை வாங்கிக்கொள்ள முன்வரவில்லை.

ஆக, ஏழு மணிக்குப் பயிற்சி அறைக்கு வராத இரண்டு ஷிஃப்டும் ஏழரைக்குள் அக்காவைச் சுற்றி வந்து நின்றுவிட்டது. பகல் ஷிஃப்ட், தலை முதல் கால்வரை மூடிய வெள்ளை உடுப்பில். இரவு ஷிஃப்ட், தூக்கக் கலக்கத்தோடு, தோளில் பையோடு. நடுவில் பட்டுச்சேலையில், ரிப்பனோடு, வெறுங்காலில் அக்கா. ரோஸ்னாவின் கையில் ஆலத்தித் தட்டு அப்படியே இருந்தது. ஷாலினியின் கையில், சுவரிலிருந்து பிய்த்துக்கொண்டு வந்த எஸ்ஓபி.

பாதுகாப்பு அதிகாரி ஓடி வந்தார். புதிதாகச் சேர்ந்தவர், சேஃப்டி தம்பி என்று கூப்பிடுவோம். "எங்கேர்ந்து பொக?"

ரோஸ்னா தட்டைக் காட்டினார். "ஆலத்தி."

"இதுக்கு யாரு பெர்மிஷன் குடுத்தது?"

ஷாலினி எஸ்ஓபியை நீட்டினாள். சேஃப்டி தம்பி கையெழுத்தைப் பார்த்துவிட்டு அக்காவைப் பார்த்தார். எல்லாரும் அக்காவைப் பார்த்தார்கள்.

அக்கா அதை வாங்கி மேலிருந்து கீழ்வரை நிதானமாகப் படித்தார். "ஏர்கான் எழுதாம விட்டுட்டேன்" என்றார். பிறகு மணிக்கட்டுச் சுருளிலிருந்து ஓர் அம்பைப் பிய்த்து, தன் நெற்றியில் பொட்டுக்கு மேலே ஒட்டிக்கொண்டார். "இதான் டிஃபெக்ட்டு. எழுதிக்குங்க."

சேஃப்டி தம்பி பேனாவைத் தேடினார்.

ஷாலினிதான் முன்னால் வந்தாள். "இருங்கக்கா. ஒருத்தர் சொன்னா ரிஜெக்ட் ஆவாது. ரெண்டாவது ஆளு கன்ஃபர்ம் பண்ணணும். நீங்கதான் சொல்லிக் குடுத்தீங்க." இரண்டாவது ஆளுக்கென்று அவளிடம் இருக்கும் சுருளைச் சட்டைப்பையிலிருந்து எடுத்து, அக்காவின் மோவாயைப் பிடித்துத் திருப்பி, வாய் ஓரத்தில் ஓர் அம்பை ஒட்டினாள். "மெயின் ப்ராப்ளம் இங்க."

முதலில் ரோஸ்னா சிரித்தார். பிறகு கார் நிறுத்துமிடமே சிரித்தது.

ரோஸ்னா அதே சுருளிலிருந்து ஓர் அம்பைப் பிய்த்துக் காதில் ஒட்டினார். "சொன்னா கேக்காது." இன்னொருத்தி மூக்கில். "என் பிரியாணிய மோந்து பாத்து உப்பு கம்மின்னு சொன்ன மூக்கு." வெள்ளை உடுப்புகள் ஒவ்வொன்றாக முகமூடியை இறக்கிக்கொண்டு வந்தன. கன்னத்தைத் தொட்டு, கையைத் தொட்டு, ஒட்டிவிட்டு நகர்ந்தன. இரவு ஷிஃப்ட் பையன் ஒருவன் அம்பைக் கையில் வைத்துக்கொண்டு தயங்கினான்.

"ரிப்பன்ல ஒட்டுடா" என்றார் அக்கா. "நேரா ஒட்டு."

"அக்கா, நாங்க வாசல்வரைக்கும் வந்தோம்கா" என்றாள் அவனுக்குப் பின்னால் நின்றவள். "பயமா இருந்துச்சு. எங்க கிஃப்டயும் ரிஜெக்ட் பண்ணிருவீங்கன்னு திரும்பிட்டோம்."

"என்ன கிஃப்டு?"

"ரைஸ் குக்கரு."

"என்ன பிராண்டு?"

"பாத்தீங்களா."

நலங்கில் ஒவ்வொருவராக வந்து சந்தனம் தடவிவிட்டுப் போவதை நிறைய வீடுகளில் பார்த்திருக்கிறேன். இது அதேதான், சந்தனம் மட்டும் இல்லை. அக்கா "போதும்லா, கம்பெனி சாமான வேஸ்ட் பண்ணாதீங்க" என்று திட்டிக்கொண்டே கன்னத்தை மட்டும் காட்டிக்கொண்டிருந்தார்.

இதை நான் முழுதாக ரசிக்கவில்லை. வரிசை கலைந்துகொண்டே இருந்தால் எப்படி எண்ணுவது? வாசலில் அட்டை தட்டி உள்ளே வந்தவர்கள் இருநூற்றுப் பதினெட்டு பேர் என்று சேஃப்டி தம்பி சொன்னார். நான் எண்ணியது இருநூற்றுப் பத்தொன்பது. மறுபடி எண்ணினேன். அதே இருநூற்றுப் பத்தொன்பது. ஒருவர் குறைந்தால் உள்ளே யாரோ மாட்டிக்கொண்டார் என்று அர்த்தம். ஒருவர் கூடினால் என்ன அர்த்தம் என்று எந்தப் பயிற்சியிலும் சொல்லித்தரவில்லை.

"சார், டேலி ஆவலன்னா யாரும் உள்ள போக முடியாது" என்றார் சேஃப்டி தம்பி.

"தெரியும் தம்பி. அதனாலதான் எனக்கு பிரஷர் ஏறுது."

இந்த முறை தலையை விட்டுவிட்டு முகம் முகமாகப் பார்த்துக்கொண்டு போனேன். அம்பு ஒட்டக் காத்திருந்த வரிசையின் கடைசியில் பஸ்காரர் நின்றார். மாப்பிள்ளை பார்க்கக் கூடாது என்று அக்கா அவரை பஸ்ஸை விட்டு இறங்கவே விடாமல் வைத்திருந்தார். இப்போது சட்டை கசங்கி, முகம் வெளுத்து, கையில் ஒரு ஜோடிச் செருப்போடு நின்றுகொண்டிருந்தார். அலாரம் அடித்தபோது எல்லாரும் வெளியே ஓட, இந்த மனிதர் மட்டும் உள்ளே ஓடியிருக்கிறார். பயிற்சி அறைவரைக்கும் போயிருக்கிறார். வாசலில் செருப்பு கிடந்தது, ஆள் இல்லை.

அக்காவும் அவரைப் பார்த்துவிட்டார். அத்தனை அம்புகளுக்கு நடுவிலும் கண் பழைய கியூசி கண்ணாக மாறியது.

"அலாரம் அடிச்சா உள்ள போகக் கூடாதுன்னு தெரியாதா ஒங்களுக்கு? பஸ்ல நோட்டீஸ் ஒட்டியிருக்கே, நான்தான ஒட்டினேன்."

"தெரியும்" என்றார் பஸ்காரர்.

"தெரிஞ்சுமா போனீங்க?"

"எல்லாரும் வந்தாங்க. நீ வந்தத நான் பாக்கலையே."

நான் கேட்டவரையில் அவர் பேசிய மிக நீளமான பேச்சு அதுதான். குனிந்து செருப்பை அக்காவின் காலருகே வைத்தார். இடது வலது மாறியிருந்தது. அக்கா பார்த்தார். எல்லாரும் அம்புக்குக் காத்திருந்தோம். அவர் ஒன்றும் சொல்லாமல் காலை மாற்றி நுழைத்துக்கொண்டார்.

சேஃப்டி தம்பி பேனாவோடு வந்தார். சின்ன வயது, விதி மட்டும்தான் தெரியும். "அக்கா, இவரு நம்ம லிஸ்ட்ல இல்ல. விசிட்டர்னா பொறுப்பேத்துக்குற ஸ்டாஃப் பேரு எழுதணும். இல்லன்னா என்னால டேலி பண்ண முடியாது. இவரு யாரு பொறுப்பு?"

ஏழு மாப்பிள்ளைகளைத் திருப்பி அனுப்பியவர், கடலைத் திருப்பி அனுப்ப முடியாமல் விட்டவர், முகம் முழுக்கச் சிவப்பு அம்புகளோடு நிமிர்ந்து நின்றார்.

"என் பேர்ல எழுதிக்குங்க" என்றார்.

ரோஸ்னா தட்டைத் தூக்கினார். "கியூசி, நெருப்பு இல்லாம, போலே?"

"போலே. நான் சைன் பண்றேன்."

இரண்டு பேரையும் சேர்த்து நிறுத்தி, மூன்று சுற்று, வலமாக. தண்ணீரின் சிவப்பு எஸ்ஓபி படத்தில் இருந்ததைவிடக் கொஞ்சம் மங்கல்தான். யாரும் அதைச் சொல்லவில்லை. நான் என் தாளில் இருநூற்றுப் பத்தொன்பது என்று எழுதி, சரி என்று கோடு போட்டேன்.

அவர்கள் இப்போது பாலத்துக்கு அந்தப் பக்கம், பத்து காவான் என்ற ஊரில் இருக்கிறார்கள். அக்கா அங்கேயே ஒரு தொழிற்சாலைக்கு மாறிவிட்டார். எங்களுக்குப் புதிதாக வந்த கியூசி நல்ல பெண், எல்லாவற்றையும் பாஸ் செய்துவிடுவாள். கொஞ்ச நாளில் எனக்கு அங்கே இருப்புக் கொள்ளவில்லை, நானும் வேலையிலிருந்து நின்றுவிட்டேன். வரும்போது ஸ்டோரிலிருந்து என் கோப்பையை மட்டும் எடுத்து வந்தேன். மகள் மூன்று புதுக் கோப்பைகள் வாங்கித் தந்துவிட்டாள். மூன்றும் அலமாரியில் இருக்கின்றன. பழையதில் அந்த அம்பு கழுவிக் கழுவி வெளுத்துவிட்டது. அதன் ஓரம் உரிய ஆரம்பித்தால், யாரும் பார்க்காத நேரத்தில், கட்டைவிரலால் அழுத்தி மறுபடி ஒட்டிவிடுகிறேன்.